கும்மிடிப்பூண்டி: தொழிற்பேட்டை வந்தது, துணைநகரம் எங்கே?

மெட்ராஸ் நகரத் திட்டமிடலின் வரலாற்றைப் படிக்கும்போது கும்மிடிப்பூண்டி ஒரே ஒரு வரியில் வந்து போகும். நகரத்தின் நெரிசலைக் குறைக்க எழுபதுகளின் பெருநகரத் திட்டம் மூன்று துணைநகரங்களை முன்மொழிந்தது. தெற்கே மறைமலை நகர், மேற்கே திருவள்ளூர், வடக்கே கும்மிடிப்பூண்டி. மூன்றும் ரயில் பாதையில் இருப்பவை, மூன்றும் அன்றைய பெருநகர எல்லைக்கு வெளியே இருந்தவை. அந்த ஒரு வரி என்ன ஆச்சு என்று கேட்பதுதான் இந்தக் குறிப்பு.

துணைநகரம் என்ற யோசனையின் மூலவர் எபனேசர் ஹோவர்ட். 1898-இல் அவர் எழுதிய புத்தகத்தில் ஒரு வட்ட வரைபடம் வரும். நடுவில் தோட்டம். அதைச் சுற்றி நகர மன்றம், நூலகம், மருத்துவமனை, அரங்கம். பிறகு வீடுகள். தொழிற்சாலைகள் எல்லாம் கடைசி வளையத்தில், ரயில் பாதையை ஒட்டி. 1903-இல் இங்கிலாந்தில் லெட்ச்வர்த் இந்த யோசனையை வைத்துத்தான் தொடங்கியது.

இப்போ கும்மிடிப்பூண்டியை அந்த வரைபடத்தின் மேல் வைத்துப் பாருங்க. ரயில் பாதை இருக்கு. ஜி.என்.டி. சாலை இருக்கு. தொழிற்சாலைகள் நிறைய இருக்கு. அதாவது கடைசி வளையம் அப்படியே வந்திருக்கு. நடுவில் இருக்க வேண்டியதுதான் வரவே இல்லை.

ஏன் வரவில்லை? 1971-ஐக் கவனித்தால் கொஞ்சம் புரியும். தமிழ்நாடு நகர் ஊரமைப்புச் சட்டம் அந்த ஆண்டின் பெயரில்தான் இருக்கிறது. சிப்காட் தொடங்கப்பட்டதும் அதே 1971-இல்தான். ஊரை வரையும் சட்டம் ஒரு பக்கம், தொழில் மனை பிரிக்கும் நிறுவனம் இன்னொரு பக்கம். சிப்காட்டின் வேலை நிலம் எடுத்து, சாலை, தண்ணீர், மின்சாரம் கொடுத்து, கம்பெனிகளுக்கு மனை ஒதுக்குவது. அதை அது செய்தது. பூங்காவும் நூலகமும் கட்டவில்லை என்று அதைக் குறை சொன்னால், கொடுக்காத வேலையைக் கேட்கிற மாதிரி. ஆனால் அந்த வேலையை வேறு யாரிடமும் கொடுக்கவில்லை என்பதுதான் என் குற்றச்சாட்டு.

பெருநகர எல்லைக்கு வெளியே இருந்ததால் சி.எம்.டி.ஏ.வால் ஒன்றும் செய்ய முடியவில்லை என்று சிலர் சொல்வார்கள். எனக்கு அது சரியாகப் படவில்லை. மறைமலை நகரும் எல்லைக்கு வெளியேதான் இருந்தது. அங்கே அதே அமைப்புதான் போய்ப் புதுநகரை உருவாக்கியது. மறைமலை நகர் ஒன்றும் பெரிய வெற்றி இல்லை, எதிர்பார்த்த வேகத்தில் ஆட்கள் வரவில்லை. ஆனாலும் தொண்ணூறுகளில் ஃபோர்டு வந்தபோது பக்கத்தில் ஓர் ஊர் இருந்தது. கும்மிடிப்பூண்டியில் தொழிற்சாலை முதலில் வந்தது, ஊர் தானாக வரும் என்று விட்டுவிட்டார்கள்.

தானாக வந்த ஊர் எப்படி இருக்கும்? சிறுபுழல்பேட்டை, பாப்பன்குப்பம், சித்தராஜகண்டிகை என்று தொழிற்பேட்டையைச் சுற்றி இருக்கும் கிராம ஊராட்சிகளின் தலையில்தான் பாரம் விழுந்தது. ஒடிசாவிலிருந்தும் பீகாரிலிருந்தும் வேலைக்கு வரும் பையன்கள் வாடகை அறைகளில் தங்குகிறார்கள். ஞாயிற்றுக்கிழமை காசு செலவழிக்காமல் உட்கார ஓர் இடம் வேண்டுமென்றால், பெரும்பாலும் டீக்கடை வாசல் அல்லது ரயில் நிலைய நடைமேடை. முப்பது ஆண்டுகளுக்கு மேலாக இங்கே இலங்கைத் தமிழர் முகாமும் இருக்கிறது. 2021-இல் அதற்கு ‘மறுவாழ்வு முகாம்’ என்று பெயர் மாற்றினார்கள். ஒரு தலைமுறையே பிறந்து வளர்ந்த இடம், இன்னும் முகாம்தான். எழுபதுகளில் திட்டம் போட்டவர்களின் கணக்கில் இந்த இரண்டு கூட்டமும் இருந்திருக்க முடியாது. ஆனால் பொது இடம் என்பதே கணக்கில் வராத ஆட்களுக்காகத்தானே?

விதிகளில் ஒரு வேடிக்கை உண்டு. பெரிய வீட்டுமனைப் பிரிவு போட்டால், சாலை போக மீதியில் பத்து சதவீதத்தைத் திறந்தவெளியாக உள்ளாட்சிக்கு எழுதிக் கொடுக்க வேண்டும். ஓ.எஸ்.ஆர். நிலம் என்று சொல்வார்களே, அதுதான். பெரிய தொழிற்சாலைக்குச் சுற்றுச்சூழல் அனுமதி தரும்போது பல ஆண்டுகளாக வழக்கமாகக் கேட்டு வந்தது, வளாகத்தில் மூன்றில் ஒரு பங்கு பசுமைப் பட்டை. பத்தை விட முப்பத்து மூன்று பெரிசு, இல்லையா? ஆனால் அந்த மரங்கள் மதில் சுவருக்கு உள்ளே நிற்கின்றன. தூசிக்கும் சத்தத்துக்கும் தடுப்பாக வைத்தவை. அந்த நிழலில் ஊர்க்காரர் யாரும் உட்கார முடியாது.

அண்மைக்காலத் தீர்வுகளும் இதே பழக்கத்தில்தான் போகின்றன. 2024-இல் ஸ்ரீபெரும்புதூர் பக்கம் வல்லம் வடகாலில் பெண் தொழிலாளர்கள் 18,720 பேர் தங்க சிப்காட் குடியிருப்பு கட்டித் திறந்தது. நல்ல காரியம், மறுக்கவில்லை. வாடகை அறையில் நெருக்கியடித்துக் கிடப்பதைவிட எவ்வளவோ மேல். இருந்தாலும் அது படுக்கைக் கணக்கு. ஷிஃப்ட் முடிந்து வருகிறவருக்குத் தூங்க இடம் தருகிறது, அவரை ஊர்க்காரர் ஆக்குவதில்லை.

இதில் எனக்கு வருத்தமாக இருப்பது ஒரு விஷயம். ஹோவர்டின் திட்டத்தில் நிலம் தனித்தனி ஆட்களிடம் போகாது, பொதுவில் இருக்கும். ஊர் வளர்ந்து நிலத்தின் மதிப்பு ஏறினால், அந்த வாடகைப் பணம் ஊருக்கே திரும்பும். சிப்காட் தன் மனைகளை 99 ஆண்டு குத்தகைக்குத்தான் விடுகிறது. ஆக, நிலம் இன்னும் பொதுவில்தான் இருக்கிறது. அதில் வரும் பணத்தில் இத்தனை பங்கு பக்கத்து ஊராட்சிகளின் மைதானத்துக்கும் நூலகத்துக்கும் என்று எழுதி வைக்கப் புதுத் தத்துவம் எதுவும் தேவையில்லை.

2022 அக்டோபரில் சென்னைப் பெருநகரப் பரப்பு 1,189 சதுர கிலோமீட்டரிலிருந்து 5,904 ஆக விரிந்தது. இனி வடக்கே புதிய வரைபடங்கள் வரும். அவற்றில் தொழிற்பேட்டைக்கு ஒரு நிறம் இருக்கும், சாலைக்கு ஒரு நிறம் இருக்கும். மதில் சுவருக்கு வெளியே, யார் வேண்டுமானாலும் போய் உட்காரக்கூடிய நிலம் எத்தனை ஏக்கர், அதைப் பராமரிக்கப்போவது யார் என்று அந்த வரைபடத்திடம் நாம் கேட்க வேண்டும். ஐம்பது வருஷம் முன்னாடி அதை யாரும் கேட்டு எழுதி வாங்கவில்லை.