சாட்சியும் சட்டகமும்: மஹ்மூத் கலாரியின் ஒளிப்பதிவு

முன்னுரை

ஈரானியத் திரைப்படம் குறித்த ஆய்வுகள் பெரும்பாலும் இயக்குநரை மையமாகக் கொண்டே அமைகின்றன. அப்பாஸ் கியாரோஸ்தமி, மொஹ்சென் மக்மல்பஃப், அஸ்கர் ஃபர்ஹாதி ஆகியோரின் படங்கள் தனித்தனி உலகங்களாகப் பேசப்படுகின்றன. இம்மூவரின் முதன்மையான சில படங்களுக்கு ஒளிப்பதிவு செய்தவர் ஒருவரே என்னும் செய்தி போதிய கவனம் பெறவில்லை. அவர் மஹ்மூத் கலாரி. 1951ஆம் ஆண்டு தெஹ்ரானில் பிறந்த இவர், பிரான்சின் சிக்மா நிறுவனத்திற்குச் செய்திப்படங்கள் எடுத்தவர். 1980களில் திரைப்பட ஒளிப்பதிவுக்கு வந்தார். ‘இது நிகழ்ந்தது’ என்று சான்று கூறுவது செய்திப்படத்தின் இயல்பு. கலாரியின் கேமராவும் சாட்சியாகவே நிற்கிறது. ஆனால் தீர்ப்புக்குத் தேவையான சான்று அதன் சட்டகத்துள் வருவதில்லை. இம்முரணே அவரது கலையின் அடிப்படை என்பதை இக்கட்டுரை நிறுவ முயல்கிறது.

எடுக்கப்படாத நிழற்படம்

மக்மல்பஃபின் ‘எ மொமென்ட் ஆஃப் இன்னொசென்ஸ்’ (1996) உண்மை நிகழ்ச்சி ஒன்றின் மறுபுனைவாகும். ஷா ஆட்சிக் காலத்தில், பதினேழு வயது இளைஞராக இருந்த மக்மல்பஃப், துப்பாக்கியைப் பறிக்க முயன்று ஒரு காவலரைக் கத்தியால் குத்திச் சிறை சென்றார். இருபது ஆண்டுகள் கழித்து இருவரும் தத்தம் இளமைக்குரிய நடிகரைப் பயிற்றுவித்து அந்நிகழ்ச்சியை மீண்டும் படமாக்குகின்றனர். இறுதியில் கத்திக்கு மாறாக ரொட்டியும், துப்பாக்கிக்கு மாறாகப் பூந்தொட்டியும் நீள்கின்றன. இடையில் ஒரு பெண் நிற்கிறாள். காட்சி அப்படியே உறைகிறது. வரலாற்றில் எடுக்கப்படாத, எடுக்கப்பட்டிருக்க வேண்டிய நிழற்படம் அது. நடந்ததைப் பதிவு செய்யும் கருவி, நடந்திருக்கக்கூடியதற்குச் சான்றாகிறது.

இருளுக்குள் விளக்கு

கியாரோஸ்தமியின் ‘தி விண்ட் வில் கேரி அஸ்’ (1999) படத்தின் நாயகன், மூதாட்டி ஒருவரின் இறப்பையும் அதைத் தொடரும் துக்கச் சடங்கையும் பதிவு செய்யக் குர்திய மலைக்கிராமம் ஒன்றுக்கு வருகிறான். கிணறு தோண்டுபவனின் குரல் மட்டுமே கேட்கிறது. உடன்வந்த குழுவினரின் முகங்களும் காட்டப்படுவதில்லை. நிலவறையில் ஓர் இளம்பெண் பால் கறக்கும் காட்சியில், விளக்கின் சிற்றொளி கைகளையும் மடியையும் காட்டுகிறது. முகத்தை இருளுக்கே விட்டுவிடுகிறது. நாயகன் சவரம் செய்யும் காட்சியில் கேமரா கண்ணாடி இருக்கவேண்டிய இடத்தில் நிற்கிறது. பிறரைப் படமெடுக்க வந்தவனே இங்குப் பார்க்கப்படுபவன் ஆகிறான். செய்திப்படக் கலைஞராயிருந்த ஒருவர் இக்காட்சிகளுக்கு ஒளி அமைத்தார் என்பது கருதத்தக்கது. பிறர் துயரைப் படமெடுக்கும் உரிமை யாருடையது என்னும் வினா அத்தொழிலுக்குள்ளேயே பிறப்பதாகும்.

நீதிபதியின் இருக்கை

ஃபர்ஹாதியின் ‘எ செபரேஷன்’ (2011) இவ்வினாவைப் பார்வையாளரிடமே ஒப்படைக்கிறது. மணவிலக்குக் கோரும் இணையர் தொடக்கக் காட்சியில் கேமராவை நோக்கி வழக்குரைக்கின்றனர். நீதிபதியின் முகம் தெரிவதில்லை. அவரது இருக்கையில் நாம் அமர்த்தப்படுகிறோம். பின்னர்க் கையில் ஏந்திய கேமரா குறுகலான அறைகளிலும் கண்ணாடித் தடுப்புகளுக்கு அப்பாலும் மாந்தரைப் பின்தொடர்கிறது. எல்லாவற்றையும் அருகிருந்து கண்டோம் என்ற நம்பிக்கை நமக்கு எழுகிறது. ஆயினும் பணிப்பெண் சாலையில் விபத்துக்குள்ளான கணத்தை நாம் கண்டதில்லை. வழக்கின் முடிச்சு அங்கேதான் இருக்கிறது. இறுதியில் மகளின் முடிவும் நமக்குச் சொல்லப்படுவதில்லை. நீதிபதியின் இருக்கை நமக்குக் கிடைத்தது. தீர்ப்புரைக்கும் தகுதி கிடைக்கவில்லை.

ஒரு மறுப்பு

மறைத்துக் காட்டும் உத்தி திரைக்கதைக்கும் இயக்குநருக்கும் உரியது, ஒளிப்பதிவாளருக்கு உரியதன்று என ஒருவர் மறுக்கலாம். கியாரோஸ்தமி பிற ஒளிப்பதிவாளர்களுடன் எடுத்த படங்களிலும் இவ்வுத்தி உண்டு என்பதால் இம்மறுப்பு ஏற்கத்தக்கதே. எனினும் எதை மறைப்பது என்பது வேறு. மறைக்கப்பட்டதைப் பார்வையாளர் உணராதவாறு பார்வையை அமைப்பது வேறு. பின்னது ஒளி, உயரம், தொலைவு ஆகியவற்றால் ஆவது. மேலும், கஷ்காய் நாடோடிகளின் நெசவுலகைச் செறிந்த வண்ணங்களில் காட்டிய ‘கபே’யும் (1996), 134 நிமிடங்கள் ஒரே தொடர் காட்சியாக நகர்ந்தும் காலத்தை வளைத்துக் காட்டும் ஷாஹ்ராம் மொக்ரியின் ‘ஃபிஷ் அண்ட் கேட்’டும் (2013) கலாரியின் ஒளிப்பதிவே. பின்னதில் வெட்டின்றிப் பார்த்த கேமராவும் நம்பத்தக்க சாட்சியாவதில்லை. கலாரிக்கெனப் புற முத்திரை ஒன்றில்லை. ஆய்வாளர் கண்ணில் அவர் படாமைக்கும் அதுவே காரணமாகலாம்.

முடிவுரை

கலாரியின் பங்களிப்பை அழகிய காட்சிகளின் தொகுப்பாக மதிப்பிடுவது போதாது. பார்ப்பது அறிவதாகாது என்பதை, பார்வைக்குரிய கருவியாலேயே அவர் உணர்த்துகிறார். இயக்குநர் வரிசையில் எழுதப்பட்ட ஈரானியத் திரை வரலாற்றை ஒளிப்பதிவாளர் வழியாகவும் வாசித்தால், தனித்தனியாகத் தோன்றும் படங்கள் ஒரே அறவினாவின் வெவ்வேறு விடைகளாகத் தெரியவரும்.