நெல்லிக்கனியும் காலமும்

பினாங்குத் தீவு பாக்கு மரத்தால் பெயர் பெற்றது. மலாக்கா நகரமோ நெல்லி மரத்தால் பெயர் பெற்றது. மலாக்காவை நிறுவிய மன்னர், தாம் சாய்ந்து நின்ற மரம் 'மெலாக்கா' எனக் கேட்டறிந்து அப்பெயரையே ஊருக்கும் சூட்டினார் என்று 'செஜாரா மெலாயு' கூறும். அம்மரமே தமிழர் கூறும் நெல்லி. ஆகவே, அதியமான் ஔவையார்க்கு நெல்லிக்கனி ஈந்த செய்தி, இந்நாட்டு மாணவர்க்கு முற்றிலும் அயலான மரத்தைப் பற்றியதன்று.

ஆயினும் அச்செய்தி வகுப்பறைகளில் பெரும்பாலும் கொடைக்கு ஓர் எடுத்துக்காட்டாக மட்டுமே நின்றுவிடுகிறது. கடையெழு வள்ளல்களுள் ஒருவன், கிடைத்தற்கரிய கனி, அதனைப் பெற்ற புலவர் என்ற மூன்று குறிப்புகளோடு பாடம் முடிந்துவிடும். அக்கனி சாவினை நீக்கி மனிதனுக்குரிய கால எல்லையையே மாற்ற வல்லது என்னும் கற்பனையின் ஆழம் ஆராயப்படுவதில்லை.

காலத்தை வெல்லும் பொருளைத் தேடாத இனமில்லை. பாபிலோனியரின் கில்காமெசு காவியத்தில், இளமையை மீட்டுத் தரும் செடியைக் கடலடியினின்று எடுத்து வருகிறான் தலைவன், அவன் நீராடும் பொழுது பாம்பு அதனைக் கவர்ந்து செல்கிறது, அவன் அழுகிறான். அங்குப் பொருள் இழக்கப்படுகிறது. புறநானூற்றிலோ அது மனமுவந்து கொடுக்கப்படுகிறது. இந்த வேறுபாடே தமிழ்க் கற்பனையின் தனித்தன்மையைக் காட்டுவது. இந்திரர் அமிழ்தமே கிடைப்பினும் தனித்து உண்ணாதவர் இருத்தலால்தான் இவ்வுலகம் நிலைபெறுகிறது என்று 182ஆம் பாட்டும் இக்கருத்தையே வலியுறுத்துகிறது. அதனைப் பாடிய இளம்பெருவழுதி, 'கடலுள் மாய்ந்த' என்னும் அடையோடு அறியப்படுபவன் என்பதும் எண்ணத்தக்கது.

புறநானூற்று 91ஆம் பாட்டின் அமைப்பு நுணுகி நோக்கற்பாலது. மலைப்பிளவில் விளைந்த கனியின் ஆற்றலை வெளியிடாது, தன் உள்ளத்துள் அடக்கிக்கொண்டு அதியமான் ஈந்தான் என்கிறார் ஔவையார். கனியின் பயனைச் சொல்லியிருப்பின் அவர் மறுத்திருக்கக்கூடும். அம்மறுப்புக்கே அவன் இடம் வைக்கவில்லை. அவனை நிலைபெறுக என வாழ்த்தும் புலவர், அமிழ்துண்ட தேவர் எவரையும் உவமை கூறாது, நீலமணி போலும் மிடற்றை உடைய இறைவனையே கூறுகிறார். பிறர் அமிழ்து பெறத் தான் நஞ்சுண்டவன் அவன். தனக்கென வாழாமையே நிலைபேற்றுக்கு வழி என்பது இவ்வுவமையால் பெறப்படும். கனியால் தாம் பெற்ற காலத்தை, வாழ்த்தின் வடிவில் புலவர் திருப்பித் தர முயல்கிறார் எனலாம்.

அம்முயற்சி பலிக்கவில்லை. அதியமான் மாண்டான், கனி உண்டவர் எஞ்சினார். 232ஆம் பாட்டில், காலையும் மாலையும் இல்லாது ஒழிக, தாம் வாழும் நாளும் இல்லையாகுக என்று அவர் கூறுகிறார். மலைநாட்டையே கொடுப்பினும் கொள்ளாதவன், நடுகல்லின்முன் சிறுகலத்தில் உகுக்கும் கள்ளையா கொள்வான் என்று கலங்குகிறார். அன்று பரிசாக வந்த காலம் இன்று சுமையாகிறது. 91ஆம் பாட்டை மட்டும் பயிற்றி 232ஐயும் 235ஐயும் விடுத்தல், கொடையின் பெருமையைக் காட்டி அதன் விலையை மறைப்பதாகும்.

பிற்கால மரபு இத்துயரை வேறு வகையில் ஆற்ற முயன்றது. சங்க கால ஔவையாரும் ஆத்திசூடி பாடிய பிற்கால ஔவையாரும் வேறானவர் என்பது ஆய்வாளர் முடிபு. மக்களோ, நெல்லிக்கனி உண்டமையால் ஒருவரே பல நூற்றாண்டு வாழ்ந்தார் என்று நம்பினர். வரலாற்று வகையில் இது பிழையே. எனினும், ஔவை என்னும் பெயரும் பாட்டும் அழியக்கூடாது என்ற மக்களின் விருப்பம் அதில் புலனாகிறது. ஆசிரியர் பிழையைத் திருத்துதல் கடமை. அவ்விருப்பத்தையும் எடுத்துக்காட்டுதல் அதனினும் பெரிய கடமை.

ஜார்ஜ்டவுனில் 1816இல் பினாங்கு பிரீ ஸ்கூலில் தொடங்கிய தமிழ் வகுப்பே இந்நாட்டுத் தமிழ்க் கல்வியின் தொடக்கமாகக் கொள்ளப்படுகிறது. இருநூறு ஆண்டுகளைக் கடந்தும் இம்மண்ணில் தமிழ் பயிலப்படுவது எந்த மாயக் கனியாலும் அன்று. பெற்றதைத் தம்மோடு வைத்துக்கொள்ளாது அடுத்த தலைமுறைக்கு ஈந்தவர்களால்தான். கனி பலித்ததா என்று சங்கப் பாட்டு எதுவும் கூறவில்லை. கொடுத்தான் என்பதை மட்டுமே கூறுகின்றன. இலக்கியம் கற்பிப்போர்க்கு அக்குறிப்பே போதுமானது.