கண்ணியம் என்னும் வேலி

பிரித்தானியத் திரைப்பட வரலாற்றை எழுதுவோர் ஏர்ள் கமெரனுக்கு ஒரு பந்தி ஒதுக்குவதுண்டு. அந்நாட்டுத் திரையில் முக்கிய பாத்திரமேற்ற முதற் கறுப்பின நடிகர்களுள் ஒருவர் என்று பாராட்டி அப்பாற் சென்றுவிடுவர். பாராட்டு நியாயமானதே. எத்தகைய பாத்திரங்கள் அவருக்கு அளிக்கப்பட்டன என்ற வினாவை அது மூடிவிடுவதுதான் குறை.

1917இல் பெர்மியூடாவிற் பிறந்த கமெரன், 1939இல் கப்பல் தொழிலாளியாக இலண்டனுக்கு வந்தார். உணவுச்சாலையிற் பாத்திரங் கழுவினார். யுத்த காலத்தில், வராதுபோன நடிகனொருவனின் இடத்தை நிரப்பவே முதலில் மேடையேறினார். பின்னர் அவருக்குக் குரற்பயிற்சி அளித்த அமாண்டா ஆல்ட்ரிட்ஜ், பத்தொன்பதாம் நூற்றாண்டில் ஒதெல்லோவாகப் புகழ்பெற்ற கறுப்பின நடிகர் ஐரா ஆல்ட்ரிட்ஜின் மகளாவார்.

1951இல் பேசில் டியர்டன் நெறிப்படுத்திய 'பூல் ஒவ் லண்டன்' படத்தில் கமெரன் ஜமெய்க்கக் கப்பலோட்டி ஜொனியாக வருகிறார். வெள்ளை இளம்பெண் ஒருத்தியுடன் அவன் நகரைச் சுற்றுகிறான். அன்பு அரும்புகிறது, ஒரு முத்தந்தானும் இல்லை. ஈற்றில் கப்பலேறிப் போய்விடுகிறான். அவனைப் பண்புள்ளவனாகப் படைத்த கதாசிரியர்கள், அப்பண்பின் பெயராலேயே அவனை விலகிச் செல்லவும் வைத்தனர்.

'சிம்பா'விலும் (1955), நொட்டிங்ஹில் கலவரத்துக்கு அடுத்த ஆண்டு வெளிவந்த 'சஃபயர்' படத்திலும் (1959) அவர் வைத்தியர். கறுப்பு மனிதன் சமத்துவம் பெற வைத்தியப் பட்டம் வேண்டும் போலும்! எனினும் 'சஃபயர்' படத்திற் கொலையுண்ட தங்கைக்காகத் துயருறும் அண்ணனாக அவர் காட்டும் அடக்கம் வெறும் நல்லொழுக்கமன்று. அவமானத்தை எண்ணியெண்ணி அளந்தவனின் அடக்கம். வசனத்தில் இல்லாத சினத்தை முகத்திற் சேமித்து வைக்கிறார்.

எம் கருத்திற் கூடிய கவனத்துக்குரியது 'ஃபிளேம் இன் த ஸ்ரீட்ஸ்' (1961). இங்கு கமெரன் தொழிலாளி; வெள்ளைப் பெண்ணை மணந்தவர்; தொழிற்சாலை மேற்பார்வையாளர் பதவிக்கு உரியவர். ஜோன் மில்ஸ் ஏற்ற தொழிற்சங்கத் தலைவர் சங்கக் கூட்டத்தில் அவருக்காக வாதாடி வெல்கிறார். வீடு திரும்பினால் தம் மகளே கறுப்பின ஆசிரியரொருவரை மணக்க விரும்புவது தெரியவருகிறது. மேடையில் வாய்த்த சமத்துவம் வீட்டு வாசலில் தடுமாறுகிறது. முற்போக்காளர் தம்மைத்தாமே கேட்டுக்கொள்ளக் கூசும் கேள்வியைப் படம் துணிந்து கேட்கிறது. ஆயினும் வேதனை முழுவதும் அத்தலைவரின் குடும்பத்துக்கே உரித்தாகிவிடுகிறது. தெருச்சண்டையில் நெருப்பில் தள்ளப்படுபவர் கமெரன். மனமாற்றம் பெறுபவரோ வேறொருவர்.

அதன்பின் வாய்ப்புக்கள் பெருகவில்லை. 'தண்டர்போல்' (1965) படத்தில் ஜேம்ஸ் பொண்டுக்கு உதவும் உள்ளூர்க்காரர் வேடமே அவருக்குக் கிடைத்தது. 1979இல் சொலமன் தீவுகளுக்குக் குடிபெயர்ந்து ஆண்டுகள் பல அங்கே வாழ்ந்தார். 2020இல், தம் 102ஆம் வயதிற் காலமானார்.

2005இல் வெளிவந்த 'தி இன்ரப்பிரிற்றர்' படத்தில் ஆபிரிக்க நாடொன்றின் கொடுங்கோல் ஆட்சியாளராக நடித்தார். குற்றமும் அதிகாரமும் ஒருங்கே கொண்ட மனிதனை அவர் நடிப்பில் நாம் கண்டது அப்பொழுதுதான். அவர் எண்பது வயதைக் கடந்திருந்தார்.