கத்தரிக்கோலின் பொறுமை

படத்தை இயக்குபவர் ஒருவர், வெட்டித் தொகுப்பவர் மற்றொருவர் என்பதே திரையுலக வழக்கம். அமெரிக்க இயக்குநர் கெல்லி ரைக்கார்ட் இவ்விரு பொறுப்பையும் தாமே தாங்கி வருபவர். 1964-இல் மயாமியில் பிறந்த இவ்வம்மையாரின் முதற்படமான 'ரிவர் ஆஃப் கிராஸ்' 1994-இல் வெளிவந்தது. அடுத்த முழுநீளப் படத்துக்குப் பணம் கிட்டாமல் பல்லாண்டு அலைந்தார். 'ஓல்ட் ஜாய்' வெளிவர 2006 ஆயிற்று. அதுமுதல் தம் படங்களைத் தாமே தொகுத்து வருகிறார்.

அவர் படங்களில் ஒன்றுமே நடப்பதில்லை என்று குறைகூறுவோர் உண்டு. 'வெண்டி அண்ட் லூசி' (2008) படத்தை அவர்கள் ஊன்றிப் பார்க்கவில்லை போலும். வேலை தேடி அலாஸ்காவுக்குப் புறப்பட்ட ஏழைப் பெண் வெண்டி. ஒரிகன் மாநிலத்தில் கார் பழுதாகிறது. நாய்க்குத் தீனி திருடிப் பிடிபடுகிறாள். போலீசாரிடமிருந்து மீள்வதற்குள் நாயும் காணாமற்போகிறது. கதை இவ்வளவே. ஆனால் அவள் குறிப்பேட்டில் எழுதும் செலவுக் கணக்கையும், காவற்காரக் கிழவர் அவள் கையில் திணிக்கும் சில டாலர் நோட்டுகளையும் பார்ப்போரும் உடனிருந்து எண்ணும்படி காட்டுகிறார். பிறர் வெட்டியெறியும் துண்டுகள் இவை! கையில் காசில்லாதவனுக்குப் பொழுது விரைந்து போவதில்லை. போவதாகக் காட்டுவது பொய். அப்பொய்யைச் சொல்ல ரைக்கார்டின் கத்தரிக்கோல் மறுக்கிறது.

இன்னும் சிறந்த சான்று 'மீக்ஸ் கட்டாஃப்' (2010). 1845-இல் வறண்ட வெளியில் வழிதவறிய வண்டிக் கூட்டத்தின் கதை இது. செவ்விந்தியன் ஒருவனைக் கண்டு அஞ்சிய எமிலி, துப்பாக்கியை எடுத்து வானோக்கிச் சுடுகிறாள். மறுவேட்டுக்கு மருந்து கொட்டி, குண்டிட்டு, கோலால் இடித்து முடிக்கும்வரை காட்சி மாறுவதில்லை. நொடிக்கொரு வேட்டுக் கேட்கும் கௌபாய்ப் படங்களில் பழகியவர்க்கு இந்தத் தாமதமே திகிலூட்டும்.

எங்கும் இம்முறை வென்றுவிடவில்லை. 'நைட் மூவ்ஸ்' (2013) அணையைத் தகர்க்கும் மூவரின் கதை. பிற்பகுதியில் கதை விரைவை வேண்டுகிறது. தொகுப்போ தயங்கி நிற்கிறது. தாம் எடுத்ததைத் தாமே வெட்டுவதிலுள்ள ஆபத்து இது. 'போதும்' என்று சொல்ல அருகில் வேறொருவர் இல்லை.

'ஃபர்ஸ்ட் கௌ' (2019) படத்தில் அக்குறை இல்லை. அவ்வட்டாரத்துக்கே ஒரு பசு. அதன் பாலை இரவில் களவாகக் கறந்து, பணியாரம் சுட்டு விற்கும் நண்பர் இருவர். வழியில் மாண்ட காளைக்காகப் பசுவிடம் துக்கம் விசாரித்தவாறே பால் கறக்கிறான் சமையற்காரன். இரண்டு எலும்புக்கூடுகளைப் படத்தின் தொடக்கத்திலேயே காட்டிவிடுகிறார் ரைக்கார்ட். முடிவில் நண்பர்கள் களைத்துப்போய் அருகருகே படுக்கின்றனர். படம் அங்கே நின்றுவிடுகிறது. அதற்குப்பின் நேர்ந்ததற்கு ஒரு காட்சியும் ஒதுக்கப்படவில்லை.