பேட்டில்ஃபீல்டு 6 பீட்டா: டெல்லியிலிருந்து களத்துக்குப் போகும் வழி

2025 ஆகஸ்ட் 7, வியாழக்கிழமை, இந்திய நேரம் மதியம் 1.30 மணிக்கு ‘பேட்டில்ஃபீல்டு 6’ விளையாட்டின் பீட்டா, அதாவது வெளியீட்டுக்கு முந்தைய சோதனைப் பதிப்பு, திறந்தது. முதல் இரண்டு நாள் முன்அனுமதி பெற்றவர்களுக்கு மட்டும். 9, 10 தேதிகளில் யார் வேண்டுமானாலும் காசு கொடுக்காமல் ஆடலாம். அடுத்த சுற்று 14 முதல் 17 வரை. டெல்லிக்காரர்களுக்கு நாள்கள் தோதாக அமைந்தன: 9ஆம் தேதி ரக்‌ஷா பந்தன், 15 சுதந்திர தினம், 16 ஜன்மாஷ்டமி, 17 ஞாயிறு. வீட்டில் ஓரளவு நல்ல கம்ப்யூட்டர் வைத்திருந்த இளைஞர்கள் பலர் விடுமுறையை இதற்கென்றே ஒதுக்கினார்கள்.

ஸ்டாக்ஹோமின் டைஸ், அதோடு கிரைட்டீரியன், மோட்டிவ், ரிப்பிள் எஃபெக்ட் ஆகிய ஸ்டூடியோக்கள் சேர்ந்து உருவாக்கி, இஏ நிறுவனம் வெளியிட்ட ராணுவச் சண்டை விளையாட்டு இது. ஒரு களத்தில் பக்கத்துக்கு 32 பேர் வரை மோதலாம். டாங்கி, ஹெலிகாப்டர், ஜெட் விமானம் எல்லாம் உண்டு. பீட்டாவில் தனியாக உட்கார்ந்து ஆடும் கதைப்பகுதி கிடையாது. மற்றவர்களோடு ஆன்லைனில் சேர்ந்தால்தான் ஆட்டமே. ஆகவே துப்பாக்கி எப்படிச் சுடுகிறது என்பதற்கு முன்பே, களத்துக்குள் போக முடிகிறதா என்பதைத்தான் மதிப்பிட வேண்டியிருக்கிறது. டெல்லியிலிருந்து பார்த்தால், ஆட்டம் அருமை. அங்கே போய்ச் சேரும் பாதைதான் கரடுமுரடு.

முதல் தடை: செக்யூர் பூட்

பீட்டா கேட்ட குறைந்தபட்சத் தகுதிகள் பயமுறுத்துபவை அல்ல. இன்டெல் ஐ5-8400 அல்லது ரைசன் 5 2600 பிராசஸர், 16 ஜிபி ரேம், ஆர்டிஎக்ஸ் 2060 போன்ற கிராஃபிக்ஸ் கார்டு, 75 ஜிபி இடம். டெல்லியின் கம்ப்யூட்டர் சந்தையான நேரு பிளேஸில் நான்கைந்து ஆண்டுகளுக்கு முன் அசெம்பிள் செய்து வாங்கிய கேமிங் கம்ப்யூட்டர்களில் பல இந்த வரம்புக்குள் வந்துவிடும். பட்டியலின் ஓரத்தில் இருந்த இரண்டு நிபந்தனைகள்தான் ஆளைத் தடுத்தன: டிபிஎம் 2.0 என்ற பாதுகாப்புச் சில்லு வேண்டும், செக்யூர் பூட் இயங்க வேண்டும்.

கம்ப்யூட்டர் கண் விழிக்கும்போதே, நம்பகமான கையொப்பம் உள்ள மென்பொருளை மட்டும் ஏற்றுவதுதான் செக்யூர் பூட். விண்டோஸ் தொடங்குவதற்கு முன்பே உள்ளே புகுந்து ஒளிந்துகொள்ளும் ஏமாற்று மென்பொருள்களை அது தடுக்கும். இஏவின் ‘ஜாவலின்’ என்ற காவல் மென்பொருள் அதை நம்பியே வேலை செய்கிறது. அது அணைந்திருந்தால் விளையாட்டு ஓர் எச்சரிக்கையைக் காட்டிவிட்டு மூடிக்கொள்ளும். பிராசஸரும் கார்டும் எவ்வளவு வேகமாக இருந்தாலும் பயனில்லை.

சிக்கல் இங்கேதான் டெல்லிக்கே உரியதாகிறது. நேரு பிளேஸின் மாடிகளில் வரிசையாக இருக்கும் கடைகளில் உதிரி பாகங்களை வாங்கி, அங்கேயே ஒரு டெக்னீஷியனிடம் கொடுத்துப் பூட்டி, விண்டோஸ் ஏற்றிக்கொண்டு போவது பலருக்கும் வழக்கம். இப்படிப் பூட்டிய கம்ப்யூட்டர்களில் பழைய முறையே தொடர்ந்திருந்தால், ஹார்டு டிஸ்க் எம்பிஆர் வடிவத்திலும் மதர்போர்டு சிஎஸ்எம் என்ற பழைய பயன்முறையிலும் இருக்கும். அந்த நிலையில் செக்யூர் பூட் இயங்காது. வாங்கியவருக்கு அது தெரிய வேண்டிய அவசியமே அதுவரை வந்திருக்காது.

சரிபார்ப்பது எளிது. விண்டோஸ் சாவியோடு ஆர் எழுத்தை அழுத்தி, ‘எம்எஸ்இன்ஃபோ32’ என்று ஆங்கிலத்தில் தட்டினால் ஒரு பட்டியல் விரியும். அதில் இரண்டு வரிகளைப் பார்த்தால் போதும். பயாஸ் மோடு என்ற வரியில் ‘யூஇஎஃப்ஐ’ என்றும், செக்யூர் பூட் என்ற வரியில் ‘ஆன்’ என்றும் இருந்தால் கவலையில்லை. முதல் வரியில் யூஇஎஃப்ஐ இருந்து இரண்டாவது மட்டும் ‘ஆஃப்’ என்றால், மதர்போர்டின் அமைப்புப் பக்கமான பயாஸுக்குள் போய் மாற்றிவிடலாம். முதல் வரியிலேயே ‘லெகஸி’ என்று இருந்தால் வேலை அதிகம். டிஸ்க்கை எம்பிஆரிலிருந்து புதிய வடிவமான ஜிபிடிக்கு மாற்ற வேண்டும். விண்டோஸில் அதற்கென்றே ‘எம்பிஆர்2ஜிபிடி’ என்ற கருவி இருக்கிறது. கோப்புகளை அழிக்காமலே மாற்றும். இருந்தாலும் முக்கியமானவற்றை வேறு டிஸ்க்கில் நகல் எடுத்துக்கொண்டு, டிஸ்க்கைப் பூட்டிக் காக்கும் பிட்லாக்கர் இயங்கினால் அதன் மீட்புச் சாவியையும் குறித்து வைத்துக்கொண்டுதான் தொடங்க வேண்டும். டிஸ்க்கை மாற்றுவதற்கு முன்பே பயாஸில் சிஎஸ்எம்மை அணைத்தால் விண்டோஸ் எழுந்திருக்காது. இந்த வரிசை தவறக் கூடாது.

விவரம் தெரிந்தவருக்குச் சில நிமிட வேலை. தெரியாத ஒரு பள்ளி மாணவருக்கோ, கம்ப்யூட்டரை வீட்டில் எல்லோரோடும் பகிர்ந்துகொள்பவருக்கோ, இது உண்மையிலேயே துணிந்து இறங்க வேண்டிய காரியம். எச்சரிக்கையோடு நின்றுவிடாமல், அந்தக் கம்ப்யூட்டரில் எது குறைகிறது, எதை முதலில் செய்ய வேண்டும் என்று விளையாட்டே படிப்படியாகச் சொல்லியிருக்க வேண்டும். தொழில்நுட்ப இயக்குநர் கிறிஸ்டியன் பூல்கூட, இந்த நிபந்தனையால் சிலர் ஆட முடியாமல் போவது வருத்தமே என்று பேட்டியில் ஒப்புக்கொண்டார்.

ஆனால் நிபந்தனையின் நோக்கத்தைக் குறை சொல்ல முடியாது. பீட்டா தொடங்கிய முதல் சில நாள்களுக்குள் ஏமாற்றவோ காவலைக் குலைக்கவோ நடந்த 3,30,000 முயற்சிகளை ஜாவலின் தடுத்ததாக இஏ அறிவித்தது. முதல் நாளில் மட்டும் ஆட்டக்காரர்களிடமிருந்து 44,000 புகார்கள் வந்தன. செக்யூர் பூட் இருந்தும் ஏமாற்றுக்காரர்கள் முழுதாக ஒழியவில்லை. அது இல்லாமல் போயிருந்தால் நேர்மையாக ஆடுபவர்கள் களத்தில் நிற்பதே கடினம்.

இந்தியர்கள் கவனிக்க வேண்டிய இன்னொன்று உண்டு. இங்கே கம்ப்யூட்டரில் துப்பாக்கி விளையாட்டு ஆடுகிறவர்களில் பலர் ‘வேலரன்ட்’ என்ற விளையாட்டில் பழகியவர்கள். அது பின்னணியில் திறந்திருந்தால் பேட்டில்ஃபீல்டு 6 தொடங்க மறுத்தது. இரண்டின் காவல் மென்பொருள்களும் நினைவகத்தின் ஒரே இடத்தைக் காக்கப் போட்டியிடுவதுதான் காரணம். வேலரன்ட்டை முழுதாக மூடிவிட்டால் சரியாகிவிடும்.

வரிசையும் சர்வரும்

காவலைத் தாண்டினால் அடுத்தது வரிசை. பீட்டாவின் உச்சத்தில் கம்ப்யூட்டர் விளையாட்டுத் தளமான ஸ்டீமில் மட்டும் ஒரே நேரத்தில் 5,20,000 பேருக்கு மேல் இருந்தார்கள். பிளேஸ்டேஷன் 5, எக்ஸ்பாக்ஸ் சீரிஸ் ஆட்டக்காரர்கள் தனி. விளையாட்டைத் திறந்ததும் முன்னால் எத்தனை பேர் காத்திருக்கிறார்கள் என்ற எண் திரையில் வரும். தொடக்கத்தில் அது லட்சங்களைத் தொட்டது. பார்க்க மலைப்பாக இருந்தாலும், எண் வேகமாகக் குறையும். நடுவில் வெளியேறித் திரும்ப நுழைந்தால் மறுபடி கடைசியில்தான் இடம். பொறுமையாகத் திறந்து வைத்துவிட்டு வேறு வேலை பார்ப்பதே புத்திசாலித்தனம்.

உள்ளே போனதும் சர்வரின் தூரம் பேச ஆரம்பிக்கும். கண்ணாடி இழைக் கேபிளில் ஒளி நொடிக்குச் சுமார் 2 லட்சம் கிலோமீட்டர் ஓடுகிறது. டெல்லியிலிருந்து மும்பை நேர்க்கோட்டில் சுமார் 1,150 கிலோமீட்டர். போய்த் திரும்ப இயற்பியல்படி 12 மில்லிசெகண்டாவது ஆகும். கேபிள் நேராகப் போவதில்லை, நடுவில் கருவிகளும் உண்டு என்பதால் நடைமுறையில் அது இரண்டு, மூன்று மடங்காகும். அதுவரை பிரச்சினையில்லை. ஆட்டம் சிங்கப்பூர் சர்வருக்குப் போனால் கதையே வேறு. டெல்லிக்குக் கடல் இல்லை. கடலடிக் கேபிள்கள் கரையேறுவது மும்பை, சென்னை போன்ற நகரங்களில்தான். டெல்லி ஆட்டக்காரர் துப்பாக்கி விசையை அழுத்தினால், அந்தச் செய்தி முதலில் சென்னைக்கு 1,760 கிலோமீட்டர் ஓடி, அங்கிருந்து வங்கக் கடலடியில் சிங்கப்பூர் போக வேண்டும். சென்னையில் இருப்பவருக்கு அந்த முதல் ஓட்டமே மிச்சம்.

இந்தத் தாமதம் களத்தில் கண்ணுக்குத் தெரியும். சுவருக்குப் பின்னால் பாய்ந்து ஒளிந்த பிறகும் குண்டடி பட்டுச் சாவது அதனால்தான். எதிராளியின் திரையில் நீங்கள் இன்னும் வெளியேதான் நிற்கிறீர்கள். வேகமான இணைப்பை வாங்கி இதைக் குறைக்க முடியாது. வைஃபையை விட்டு லேன் வயரில் இணைப்பதும், ஆடும்போது மற்ற டவுன்லோடுகளை நிறுத்துவதும், ரவுட்டரையும் யூபிஎஸ்ஸில் மாட்டுவதும் உதவும். கோடையிலும் மழையிலும் மின்சாரம் கண் சிமிட்டும் நகரத்தில் கடைசி யோசனை அதிகம் பயன்படும்.

சர்வரைத் தானே தேர்ந்தெடுக்கும் பட்டியல் பீட்டாவில் இல்லை. ஆட்ட வகையைத் தேர்ந்தெடுத்தால் விளையாட்டே ஓர் ஆட்டத்தில் சேர்த்துவிடும். ஓர் ஆட்டம் முடிந்ததும் கூட்டம் கலைந்துவிடும். அடுத்ததற்கு மறுபடி தேடல். பழைய பேட்டில்ஃபீல்டுகளில் பிடித்த சர்வரிலேயே மாலை முழுக்க இருந்து, எதிராளிகளின் பெயர்கூடப் பழகிப்போன தலைமுறைக்கு இது பெரிய இழப்பு. அவர்கள் குரல் கொடுத்தது நியாயம்தான்.

களத்தில் முதல் நிமிடங்கள்

பீட்டாவில் முதலில் மூன்று களங்கள்: கெய்ரோவின் தெருக்கள், தஜிகிஸ்தான் மலைகள், ஜிப்ரால்டரின் குறுகிய சந்துகள். இரண்டாவது வாரம் நியூயார்க்கின் புரூக்ளின் சேர்ந்தது. அதில் வாகனம் கிடையாது. புதிதாக வருபவர் மலையில் தொடங்க வேண்டாம். தூரத்திலிருந்து குறிவைப்பவர்களும் மேலே பறக்கும் ஜெட்டுகளும் சேர்ந்து ஓடுவதற்கே விடமாட்டார்கள். கெய்ரோவில், கொடிகளைப் பிடித்துக் காக்கும் கான்க்வெஸ்ட் ஆட்டம் நல்ல பாடசாலை. தெருவுக்குத் தெரு மறைவிடம் உண்டு, டாங்கி வரும் சத்தமும் முன்கூட்டியே கேட்கும்.

நான்கு பேர் கொண்ட ஸ்க்வாட்தான் இந்த விளையாட்டின் உயிர். செத்த பிறகு கொடிக்கம்பத்துக்கு அருகில் எழுவதைவிட, உயிரோடு இருக்கும் ஸ்க்வாட் தோழரின் பக்கத்தில் எழுவது எப்போதும் நல்லது. புதியவருக்கு சப்போர்ட் வகுப்பு பொருத்தம். குறி தவறினாலும் தோட்டாப் பை கொடுத்தும், விழுந்தவர்களை எழுப்பியும் அணிக்கு உதவலாம். இந்தப் பதிப்பின் மிகச் சிறந்த புதுமையும் விழுந்தவர்களை எழுப்புவதில்தான் இருக்கிறது. விழுந்து கிடக்கும் தோழரிடம் குனிந்து பட்டனை அழுத்திப் பிடித்தால், அவரது சட்டையைப் பற்றி இழுத்துக்கொண்டே பின்னோக்கி நகர முடியும். நடுத்தெருவில் குண்டு பறக்கும்போது, ஒருவரை உடைந்த சுவருக்குப் பின்னால் இழுத்துக்கொண்டு போய் எழுப்பிவிடும் அந்தச் சில நொடிகள், எத்தனை எதிராளிகளைச் சுட்டாலும் கிடைக்காத நிறைவைத் தருகின்றன. வழியில் சுவர் குறுக்கிட்டால் பெரிய சம்மட்டியால் அடித்து உடைக்கலாம். செங்கல் சிதறிப் புதுவழி திறக்கும்.

பேச்சு மொழி பற்றிய கவலையும் வேண்டாம். டெல்லி நண்பர்கள் கூட்டத்தில் இந்தி ஓடும், அறிமுகமில்லாத ஸ்க்வாட்டில் யாருமே பேசாமலும் இருக்கலாம். எதிராளியை நோக்கிக் குறியிடும் பட்டனை அழுத்தினால் ஸ்க்வாட் தோழர்களின் திரையிலும் அடையாளம் தெரியும். தமிழ் மட்டும் தெரிந்தவரும் நல்ல ஸ்க்வாட் தோழராக இருக்க அது போதும். வேறு கருவியில் ஆடும் நண்பரோடு சேர இருவருக்கும் இஏ கணக்கு வேண்டும். பெயரை முன்பே சேர்த்து வைத்துக்கொண்டால் விடுமுறை நாளில் நேரம் வீணாகாது.

யாருக்கு இது?

இந்தியாவில் ராணுவச் சண்டை விளையாட்டு என்றால் பெரும்பாலானவர்களுக்கு மொபைல்தான். 2020 செப்டம்பர் 2இல் பப்ஜி மொபைல் தடை செய்யப்பட்டதும், அதே வாரத்தில் ‘ஃபௌஜி’ அறிவிக்கப்பட்டது; 2021 குடியரசு தினத்தில் வெளிவந்தது. அதன் அடுத்த வடிவமான ‘ஃபௌஜி: டாமினேஷன்’ 2024 டிசம்பரில் ஆண்ட்ராய்டில் பீட்டா நடத்தியது. டெல்லி மெட்ரோவும் சென்னைத் துறைமுகமும் அதில் சண்டைக் களங்கள். அவற்றில் டவுன்லோடு செய்து தொட்டால் போதும், ஆட்டம் தொடங்கிவிடும். பயாஸ், டிஸ்க் வடிவம் என்ற பேச்சே இல்லை. அந்த எளிமைக்குப் பழகிய கோடிக்கணக்கானவர்களைக் கம்ப்யூட்டருக்கு இழுக்க விரும்பும் எந்த நிறுவனமும் வாசலைச் செப்பனிட்டே ஆக வேண்டும்.

பீட்டா முடிந்த சில நாள்களில், ஆகஸ்ட் 20, 21 தேதிகளில், டெல்லியில் நாடாளுமன்றம் ஆன்லைன் விளையாட்டு மசோதாவை நிறைவேற்றியது. பணம் கட்டிப் பணம் ஜெயிக்கும் ஆட்டங்களுக்குத் தடை. மின்விளையாட்டுப் போட்டிகளுக்கு அங்கீகாரம். விலை கொடுத்து வாங்கி ஆடும் பேட்டில்ஃபீல்டு போன்றவை தடையில் வரவில்லை. வீட்டில் பெற்றோர் கேட்டால் சொல்ல வேண்டிய வித்தியாசம் இது.

மொத்தத்தில், சத்தம், இடிபாடு, அணி உணர்வு மூன்றிலும் பீட்டா தேர்ச்சி பெற்றது. செக்யூர் பூட் வழிகாட்டலும் சர்வர் பட்டியலும் அதன் குறைகள். முழு விளையாட்டு 2025 அக்டோபர் 10இல் வந்து மூன்றே நாளில் 70 லட்சம் பிரதிகள் விற்றது. ஆட்டக்காரர்களே ஆட்டங்களை அமைத்துக்கொள்ளும் போர்ட்டல் பகுதியில் சர்வர் பட்டியலும் சேர்ந்தது. அக்டோபர் 28இல் வந்த, இதே விளையாட்டின் தனி வடிவமான ‘ரெட்செக்’ இலவசம். அதற்கும் அதே ஜாவலின், அதே செக்யூர் பூட். வாங்கலாமா என்று யோசிப்பவர் முதலில் எம்எஸ்இன்ஃபோ32இன் இரண்டு வரிகளைப் பார்த்துவிட்டு, ரெட்செக்கைப் போட்டு, மாலை நேரத்தில் தன் வீட்டு இணைப்பில் ஆட்டம் எப்படி ஓடுகிறது என்று பார்க்கட்டும். அது தடங்கலின்றி ஓடினால் தாராளமாக வாங்கலாம்.