சொந்த எழுத்துக்குச் சாட்சி கேட்கும் உலகம்
யூஸான் பால்ஸியின் சினிமா பற்றிச் சில குறிப்புகள்

வகுப்பறையில் ஒரு சிறுவன் நிற்கிறான். அவன் எழுதிய கட்டுரையை ஆசிரியர் உரத்து வாசிக்கிறார். கரும்புத் தோட்டத்து ஏழைக் கறுப்பர்களின் வாழ்வு பற்றியும், தனக்குக் கதை சொன்ன கிழவனின் மரணம் பற்றியும் அவன் எழுதியிருக்கிறான். வாசித்து முடித்த ஆசிரியர் அதைப் பாராட்டவில்லை. எந்தப் புத்தகத்திலிருந்து திருடினாய் என்று கேட்கிறார். தோட்டத்துக் கறுப்புச் சிறுவன் ஒருவனால் இவ்வளவு நன்றாக எழுத முடியும் என்பதை அவரால் நம்ப முடியவில்லை. சிறுவன் அவமானம் தாங்காமல் ஓடிவிடுகிறான். பின்னர் ஆசிரியர் தன் தவறை உணர்ந்து அவனிடம் வருகிறார் என்பது வேறு விடயம்.

1983இல் வெளியான 'கறுப்பர் குடிசைத் தெரு' என்று பொருள்படும் பிரெஞ்சுத் திரைப்படத்தில் வரும் காட்சி இது. இதனை நெறிப்படுத்தியவர் கரீபியன் தீவான மார்ட்டினிக்கைச் சேர்ந்த யூஸான் பால்ஸி. அப்போது அவருக்கு வயது இருபத்தைந்து. அவரது நாற்பதாண்டு காலக் கலைவாழ்வைப் பின்னோக்கிப் பார்க்குமிடத்து, அந்தச் சிறுவனிடம் கேட்கப்பட்ட கேள்வியே அவரிடமும் திரும்பத் திரும்பக் கேட்கப்பட்டிருக்கின்றது என்று எனக்குத் தோன்றுகின்றது. இது உன் கதைதானா? இதை யார் பார்ப்பார்கள்? உனக்கு இதைச் சொல்லும் தகுதி எங்கிருந்து வந்தது?

பால்ஸி 1958இல் மார்ட்டினிக்கின் குரோ-மோர்ன் என்ற ஊரில் பிறந்தவர். ஜோசப் ஸோபெல் 1950இல் வெளியிட்ட நாவலைப் பதின்ம வயதில் வாசித்தார். தன் தீவு மனிதரின் வாழ்வை, தன் தீவு மனிதர் ஒருவரே எழுதியிருந்தமை அவரை உலுக்கியது. அந்நாவலைப் படமாக்க வேண்டும் என்ற ஆசை அன்றே விழுந்த விதை. பதினேழு வயதளவிலேயே உள்ளூர்த் தொலைக்காட்சிக்கு ஒரு குறும்படம் செய்தார். 1975இல் பாரிஸ் சென்று இலக்கியமும் ஒளிப்பதிவும் கற்றார். நெறியாளர் பிரான்சுவா ட்ரூஃபோ அவரை ஊக்குவித்தார். எனினும் பணம் சேர்ப்பது இலகுவாக இருக்கவில்லை. இறுதியில் பத்து இலட்சம் டொலருக்கும் குறைந்த செலவில் படம் முடிந்தது. வெனிஸ் திரைப்பட விழாவில் வெள்ளிச் சிங்க விருது அதற்குக் கிடைத்தது. பாட்டியாக நடித்த டார்லிங் லெஜிடிமஸ் தமது எழுபதுகளில் சிறந்த நடிகைக்கான விருதை அதே விழாவில் பெற்றார். அடுத்த ஆண்டு பிரான்சின் சீஸர் விருதும் சிறந்த முதற்படத்துக்காகக் கிடைத்தது.

கதை 1930களின் தொடக்கத்தில் நிகழ்கின்றது. அடிமை முறை 1848இல் ஒழிக்கப்பட்டுவிட்டது. ஆனால் நிலம் எசமானர்களிடமே இருந்தது; வெட்டுக்கத்தியும் வியர்வையும் விடுதலை பெற்றவர்களிடம் இருந்தன. மெதூஸ் என்ற கிழவர் இதைத்தான் சிறுவன் ஜோஸேக்குச் சொல்லிக் கொடுக்கிறார். (அடிமைகளின் இடத்தை நிரப்புவதற்காக 1853 முதல் இந்தியாவிலிருந்து ஒப்பந்தக் கூலிகள் இத்தீவுக்குக் கொண்டுவரப்பட்டனர் என்பதும், அவர்களுள் தமிழர் கணிசமானோர் என்பதும் தமிழ் வாசகர் இங்கு நினைவிற்கொள்ள வேண்டியவை.) பேரனைக் கரும்புக்காட்டு வேலைக்கு அனுப்ப மாட்டேன் என்று பிடிவாதம் பிடிக்கிறார் பாட்டி. அவன் பரீட்சையில் சித்தியடைகிறான். கிடைத்த புலமைப்பரிசிலோ முழுமையானதல்ல. எனவே அந்த வயதில் அவர் தலைநகருக்குப் பெயர்ந்து, பிறர் துணி வெளுத்து அவனைப் படிக்க வைக்கிறார். அவர் இறந்தபின் அவரது கால்களை ஜோஸே கழுவுகிறான். வயலின் சேற்றில் வெடித்த அந்தப் பாதங்களை கமரா அவசரப்படாமல் பார்க்கின்றது. அழுகை இசை எதுவும் தேவைப்படாத இடம் அது.

இப்படம் கல்வியை மிகையாக நம்புகின்றதா என்ற கேள்வியைத் தவிர்க்க முடியாது. தோட்டத்திலிருந்து ஒரு பிள்ளை தப்பிவிட்டான், மற்றப் பிள்ளைகள்? அவன் தப்பிச் செல்லும் பாடசாலையோ பிரான்சின் மொழியையும் பிரான்சின் பெருமையையும் புகட்டும் பாடசாலை. அதே தீவில் பிறந்த பிரான்ஸ் ஃபனான் 1952இலேயே இந்தச் சிக்கலை எழுதிவிட்டார். எசமானின் மொழியை நன்றாகப் பேசப் பேச, கறுப்பன் தன்னிடமிருந்தே விலகிப் போகின்றான் என்பது அவரது வாதத்தின் சாரம். படத்தின் சிறுவர்கள் பெரும்பாலும் பிரெஞ்சு பேசுவதும், கிரியோல் மொழி இடையிடையே மட்டும் ஒலிப்பதும் இந்த இடத்தில் உறுத்தத்தான் செய்கின்றன.

ஆயினும் பால்ஸி இந்தக் கேள்வியை அறியாதவர் அல்லர். அதனாற்றான் அவர் படத்தில் இரண்டு ஆசிரியர்களை வைக்கிறார். ஒருவர் பள்ளி, மற்றவர் மெதூஸ். ஜோஸேயை வெற்றிபெறச் செய்த கட்டுரைக்குப் பொருள் தந்தது பள்ளியல்ல, இரவில் நெருப்பருகே கிழவர் சொன்ன கதைகளே. மொழியைப் பள்ளி தந்தது. சொல்வதற்கான விடயத்தைத் தெரு தந்தது. இன்னொரு பாத்திரமான லெயோபோல்ட், வெள்ளைத் தகப்பனின் கலப்பினப் பிள்ளை. மரணப்படுக்கையிலும் தகப்பன் அவனுக்குத் தன் பெயரைக் கொடுக்க மறுக்கிறான். பின்னர் தொழிலாளரை ஏமாற்றும் தோட்டக் கணக்கேட்டை எடுக்க முயன்று அவன் பிடிபடுகிறான். கயிற்றில் கட்டி இழுத்துச் செல்லப்படும் அவனைப் பார்த்துத் தோட்டத்தார் பாடுகின்றனர். பள்ளியால் மட்டும் இத்தெருவுக்கு விடிவில்லை என்பதை இக்காட்சி சொல்லிவிடுகின்றது. ஸோபெலே ஒரு சிறு வேடத்தில், பாதிரியாராக, இப்படத்தில் தோன்றுகிறார்.

அடுத்த படம் ஹொலிவூட்டில். அந்த்ரே பிரிங்க் 1979இல் எழுதிய தென்னாபிரிக்க நாவலைத் தழுவி, 1989இல் எம்.ஜி.எம். நிறுவனத்துக்காக 'ஓர் உலர்ந்த வெண் பருவம்' என்ற படத்தைச் செய்தார். பெரும் ஹொலிவூட் நிறுவனமொன்றின் படத்தை நெறிப்படுத்திய முதற் கறுப்பினப் பெண் அவரே. நிறவெறி அரசு இருந்த காலம். அவர் மறைவாக சொவெட்டோ சென்று, சித்திரவதைக்குள்ளானவர்களின் அனுபவங்களை நேரிற் கேட்டறிந்தார். ஒன்பதாண்டுகளாகத் திரையில் தோன்றாதிருந்த மார்லன் பிராண்டோ மிகக் குறைந்த ஊதியத்துக்கு இதில் நடித்து, ஒஸ்கார் பரிந்துரையும் பெற்றார்.

இப்படத்தின் மையத்தில் நிற்பவர் ஒரு வெள்ளை ஆசிரியர். தன் தோட்டக்காரனும் அவனது மகனும் பொலிஸாரால் கொல்லப்பட்ட பின்னரே அவரது கண் திறக்கின்றது. கறுப்பரின் துயரை வெள்ளையரின் மனச்சாட்சி வழியாகத்தான் உலகுக்குக் காட்ட முடியுமா என்ற விமர்சனம் நியாயமானதே. 1987இல் வந்த ரிச்சர்ட் அட்டன்பரோவின் 'க்ரை ஃப்ரீடம்' மீதும் இதே குறை சொல்லப்பட்டது. ஆனால் இரண்டையும் அடுத்தடுத்துப் பார்ப்பவர் ஒரு வேறுபாட்டைக் காண்பர். பால்ஸி தோட்டக்காரனின் வீட்டுக்குள் செல்கிறார். அங்கு நெடுநேரம் தங்குகிறார். ஸேக்ஸ் மொகாயே, வின்ஸ்டன் ந்ட்ஷோனா, ஜோன் கானி ஆகிய தென்னாபிரிக்க மேடைக் கலைஞர்களை நடிக்க வைத்தார். சித்திரவதையின் சத்தத்தை மறைக்கவில்லை. படத்தின் கடைசித் துப்பாக்கியை ஒரு கறுப்பரின் கையில் கொடுக்கிறார். விலை கொடுத்துத்தான் வாய்ப்பைப் பெற்றார். ஆனால் கொடுத்த விலைக்குமேல் எடுத்துக்கொண்டார் என்றே நான் மதிப்பிடுவேன்.

அதன்பின் நடந்ததுதான் கவனத்துக்குரியது. ஹொலிவூட்டில் அவருக்குப் பாதை திறந்திருந்தது என்று நாம் எண்ணுவோம். அவரோ கரீபியன் கலைஞர்களை நாடினார். 1992இல் ஸூக் இசையையும் கசாவ் குழுவின் கலைஞர்களையும் கொண்டு 'சிமெயோன்' என்ற கனவுக்கதைப் படத்தைச் செய்தார். 1994இல் கவிஞரும் போர்ட்-டி-பிரான்ஸ் நகர மேயருமான எமே செசேர் பற்றி மூன்று பகுதி ஆவணப்படம் எடுத்தார். அமெரிக்கப் பள்ளியொன்றின் நிறத்தடையை உடைத்த சிறுமி ரூபி பிரிட்ஜஸ் பற்றி 1998இலும், அட்டிகா சிறைக் கலகம் பற்றி 2001இலும் தொலைக்காட்சிப் படங்கள் வந்தன. இரண்டாம் உலகப் போரில் விஷி ஆட்சியை எதிர்த்துச் சிறு படகுகளில் தப்பி, சுதந்திர பிரெஞ்சுப் படையில் சேர்ந்த அந்தீயத் தீவு இளைஞர்களைப் பற்றியும் அவர் ஆவணப்படம் செய்தார். பிரான்ஸ் நீண்டகாலம் மறந்திருந்த இளைஞர்கள் அவர்கள்.

பட்டியல் சிறியது. திரையரங்குக்கான முழுநீளக் கதைப்படங்கள் மூன்றே. சிலர் இதை ஒரு வீழ்ச்சியாகக் கணிப்பர். 2022 நவம்பரில் கௌரவ ஒஸ்கார் விருதைப் பெற்றபோது அவரே காரணத்தைச் சொன்னார். கறுப்பு விலைபோகாது, பெண் விலைபோகாது, கறுப்பும் பெண்ணும் சேர்ந்தால் அறவே விலைபோகாது என்று ஆண்டாண்டாகச் சொல்லப்பட்டதாம். முன்னோடி என்று மேடையில் புகழ்ந்தவர்களே திரைக்கதையைத் திருப்பி அனுப்பினார்கள். வகுப்பறை ஆசிரியரின் அதே சந்தேகம், நாகரிகமான சொற்களில்.

சுயாதீனக் கலைஞர் என்றால் பெரு நிறுவனத்தின் வாசலை மிதிக்காதவர் என்றே நாம் பொருள் கொள்கிறோம். பால்ஸியை வைத்துப் பார்த்தால் அந்த வரையறை போதாது. நிறுவனத்துக்குள் போனாலும் யாருடைய கதை, எந்தப் பக்கத்திலிருந்து சொல்லப்பட வேண்டும் என்பதை விட்டுக்கொடாதவரும் சுயாதீனரே. அதற்காக அவர் செலுத்திய கட்டணம், எடுக்கப்படாமற் போன படங்கள். விருதுகளைவிட அந்த வெற்றிடங்களே சினிமாத் துறையைப் பற்றி அதிகம் சொல்கின்றன.

ஸோபெல் எழுதியிராவிட்டால் மெதூஸ் நமக்குத் தெரிந்திருக்க மாட்டார். ஒரு பதின்ம வயதுப் பெண் அதை வாசித்திராவிட்டால் பாட்டியின் பாதங்களை நாம் பார்த்திருக்க மாட்டோம். கிழவர் சிறுவனுக்குச் சொன்னார், சிறுவன் எழுதினான், எழுத்தைப் பெண்ணொருத்தி படமாக்கினாள். எழுதுகின்ற நாம் இப்படத்தைத் தேடிப் பார்க்க வேண்டும். நம் வீட்டுத் திண்ணையில் கதை சொல்லிக்கொண்டிருக்கும் மூத்தவர்கள் இன்னும் எத்தனை பேர் மீதமிருக்கின்றனர் என்ற எண்ணம் பார்த்து முடித்ததும் வரும்.