மலையும் மருத்துவரும்: 'பரதேசி' திரைப்படம் குறித்து

களக்காட்டில் நின்று மேற்கே நோக்குவோர்க்கு மலை கண்ணுக்கினிய காட்சி. நம் திரைப்படங்கள் பலவும் மலையை இவ்வாறே காதற் பாடல்களுக்குரிய பின்னணியாகக் காட்டிவந்துள்ளன. ஆயின், கங்காணியின் முன்பணத்தை நம்பி நெல்லைச் சீமையின் வறண்ட சிற்றூர்களிலிருந்து மலையேறியவர்க்கு அது கடனும் காய்ச்சலும் காத்திருந்த இடம். 2013-இல் வெளிவந்த பாலாவின் 'பரதேசி' இந்த மலையைக் காட்டுவதாலேயே நம் கவனத்திற்குரியதாகிறது.

1939-ஐக் காலமாகக் கொண்ட இப்படத்தில் தேயிலையின் பசுமை எவருக்கும் ஆறுதல் அளிப்பதில்லை. நெடுவழி நடையில் சோர்ந்து விழுந்தவனை விட்டுவிட்டுக் கூட்டம் நகர்கிறது. தப்பியோட முயன்று கால் நரம்பு வெட்டப்பட்ட ராசா, இறுதியில் தன் மனைவியும் குழந்தையும் அதே தோட்டத்திற்கு வருவதைக் கண்டு கதறுகிறான். இவை எளிதில் மறக்கவொண்ணாக் காட்சிகள்.

எனினும் ஒரு பெருங்குறை உண்டு. இப்படத்திற்கு மூலம் பி. எச். டேனியல் 1969-இல் ஆங்கிலத்தில் எழுதிய 'ரெட் டீ' நாவல், இரா. முருகவேளின் தமிழாக்கத்தில் 'எரியும் பனிக்காடு'. டேனியல் ஆனைமலைத் தோட்டங்களில் மருத்துவராகவும் தொழிற்சங்கவாதியாகவும் உழைத்தவர். நாவலில் வரும் மருத்துவர் ஆபிரகாம் கூலிகளின் நிலையை மாற்றப் போராடுகிறார். படத்திலோ மருத்துவர் ஆடிப்பாடி மதம் மாற்றுபவராகிவிடுகிறார். கொள்ளைநோயின் நடுவே நுழையும் இக்கேலி, கூலிகளுக்காகப் பரிந்து நின்றவரை நீக்கிவிடுகிறது. அதுவரை துயரை நேர்நோக்கிய படமும் அங்கே முகம் திருப்பிக்கொள்கிறது.

இதற்காக மனம் புண்படுவதோடு நாம் நின்றுவிடலாகாது. மலைத்தோட்டங்களில் ஜெபக்கூடம் கட்டிய நாம், கங்காணியின் கடன் கணக்கைக் கேட்டோமா? மருந்தளிப்பதும் நியாயமான கூலி கேட்பதும் ஒரே ஊழியத்தின் இரு கைகள் என்பதற்கு டேனியலின் வாழ்வே சான்று.

களக்காட்டிற்கு வடமேற்கே, இதே மலைத்தொடரில், மாஞ்சோலைத் தோட்டம் உள்ளது. அத்தொழிலாளருக்காக 1999 ஜூலை 23 அன்று திருநெல்வேலியில் நடந்த ஊர்வலத்தின்மீது காவலர் தடியடி நடத்தியபோது, தாமிரபரணியில் 17 பேர் மாண்டனர். 2024-இல் தோட்டப் பணியும் நின்றுபோக, தலைமுறைகளாக அங்கு வாழ்ந்தோர் மலையிறங்க வேண்டியவராயினர். வெறுங்கையராய் ஏறியவர்களின் பேரப்பிள்ளைகள் வீடும் நிலமும் இன்றி இறங்கி வருகையில், நம் சபைகள் அவர்களுக்காக யாரிடம், எதைக் கேட்கப்போகின்றன? 'பரதேசி' காட்டிய மருத்துவர் பொய்யுருவே என்பதை நாம் எழுத்தால் மட்டும் மெய்ப்பிக்க இயலாது.